ஊரணியின் இப்போதைய நிலை

செப்டம்பர் 9, செவ்வாய்

அடுப்பின் இடதுபக்க பர்னர் இன்றும் எரியவில்லை. ஒற்றை பர்னரில் சோறும் குழம்பும் வைத்துவிட்டு அரக்கப்பரக்க ஹைகோர்ட்டுக்குப் போனால், ஒரு பொதுநல வழக்கில் என்னை அட்வகேட் கமிஷனராகப் போட்டிருக்கிறார்கள். நீதிபதி நேரில் போக முடியாத இடத்துக்கு அவருக்குப் பதிலாகப் போய்ப் பார்த்து எழுதித் தரும் வேலை. கண் மட்டும் போதும், வாய் வேண்டாம்.

இடம் ராமநாதபுரம் பக்கம் சாத்தனேந்தல் என்ற கிராமம். அங்கே ஒரு குடிதண்ணீர் ஊரணி. ஒன்றரை வருஷத்துக்கு முன்பே அதிலிருந்த சீமைக்கருவேல மரங்களை அகற்றித் தூர்வாரிவிட்டதாக ஊராட்சியும் ஒப்பந்தக்காரர் பூமிராஜனும் சொல்கிறார்கள். ஒரு மரமும் வெட்டவில்லை, ஒரு கூடை மண்ணும் அள்ளவில்லை என்கிறார் மனுதாரர் சேதுராசு. ஓய்வுபெற்ற பஸ் கண்டக்டர்.

ஆழத்தை அளந்து பார்த்தால் போதாதா என்று நானும் நினைத்தேன். போதாது. வேலைக்கு முன்னால் எவ்வளவு ஆழம் இருந்தது என்று யாரும் குறித்துவைக்கவில்லை. சேதுராசு மொபைலில் எடுத்துக் கொடுத்த படங்களை, மின்னணு ஆதாரத்துக்கு உரிய சான்று இல்லை, அது வேறு ஏதோ கண்மாய் என்று எதிர்த்தரப்பு ஒதுக்கிவிட்டது. மிச்சம் இருப்பது அந்த மரங்கள்தான். வெட்டியாச்சு என்று எழுதிய மரம் நின்றுகொண்டிருந்தால் அதற்குமேல் சாட்சி வேண்டியதில்லை.

மனு தள்ளுபடியானால் வேலை முடிந்தது என்று எழுதியதே நிலைக்கும். முடிந்த வேலைக்கு மறுபடி நிதி வராது. அந்த ஊர் கோடைக்குக் கோடை லாரித் தண்ணீருக்குக் குடத்தோடு நிற்க வேண்டியதுதான்.

உத்தரவில் எனக்கு இட்ட பணி ஒரே வரி: ‘ஊரணியின் இப்போதைய நிலையைப் பார்வையிட்டு அறிக்கை அளிக்க வேண்டும்.’ மழைக்கு முன்னால் போயாக வேண்டும். தண்ணீர் ஏறிவிட்டால் பார்க்க ஒன்றும் இருக்காது.

செப்டம்பர் 12, வெள்ளி

இரண்டு தரப்புக்கும் நோட்டீஸ் அனுப்பியாயிற்று. 20ஆம் தேதி சனிக்கிழமை போகிறேன்.

மாலையில் சேதுராசு சென்னையிலிருந்து போன் செய்தார். மகளுக்குப் பிரசவமாம், பெண் குழந்தையாம், 19ஆம் தேதிதான் ஊர் திரும்புவாராம். “நீங்க வந்து பாருங்க மேடம், முள்ளுக்காட்டுக்குள்ள காலே வைக்க முடியாது” என்றார். வழக்குத் தரப்பினர் கமிஷனரிடம் நேராகப் பேசக்கூடாது, எதுவானாலும் உங்கள் வக்கீல் மூலமாக என்று சொல்லி வைத்துவிட்டேன். குழந்தைக்கு ஒரு வாழ்த்துச் சொல்லியிருக்கலாம்.

செப்டம்பர் 16, செவ்வாய்

கடைவாய்ப் பல் வலி. அடுப்புக்காரர் வரவில்லை.

செப்டம்பர் 20, சனி

விடிந்ததும் காரில் கிளம்பினோம். நானும் என் கிளார்க் பால்ராஜும். இருபது வருஷ அனுபவசாலி. எந்த ஊரில் எந்தக் கடையில் இட்லி நன்றாக இருக்கும் என்பதும் அதில் அடக்கம்.

ஊர் எல்லையிலேயே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். ரோட்டோரம் சுண்ணாம்புப் பொடியில் கோடு போட்டிருந்தார்கள். ஊரணிக்குத் திரும்பும் இடத்தில் இரண்டு வாழைமரம், மாவிலைத் தோரணம். கரைக்கு ஏறும் முன் செருப்பைக் கழற்றச் சொன்னார்கள். குடிக்கிற தண்ணீர், செருப்போடு ஏறக்கூடாது. கழற்றிவிட்டு ஏறி, உள்ளே பார்த்தேன்.

ஒரு மரம் இல்லை. ஒரு முள்கூட இல்லை. கல்யாண மண்டபம்போல ஊரணியைப் பெருக்கி வைத்திருந்தார்கள். படித்துறையில் கோலம்.

கூட்டமாக நின்ற பெண்கள் என் முகத்தையே பார்த்தார்கள், பாராட்டை எதிர்பார்த்து. அவர்களில் ஒருவர் சொன்னார்: “கோர்ட்டுல இருந்து வர்றீக. காடாக் கெடந்தா ஊருக்குத்தானம்மா அசிங்கம்? ஒரு வாரமா ஊரே சேந்து வெட்டுனோம்.”

பிள்ளையார் பிடிக்கக் குரங்கான கதை கேட்டிருக்கிறேன். ஒரு ஊரே மெனக்கெட்டுக் கூடிப் பிடித்து இன்றுதான் பார்த்தேன்.

சேதுராசு ஒரு ஓரமாகத் தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். நேற்று இரவுதான் சென்னையிலிருந்து வந்தாராம், காலையில்தான் பார்த்தாராம். வேரெல்லாம் என்ன ஆயிற்று என்று கேட்டேன். ஜேசிபி வைத்துப் பிடுங்கி, குழியை மூடி, மட்டம் தட்டியாயிற்றாம். ஜேசிபி யார் கொடுத்தது? பூமிராஜனாம். வழக்கு ஒரு பக்கம் இருக்கட்டும், ஊர்வேலை என்றால் நானும் நிற்பேன் என்று அவரே டீசல் போட்டு அனுப்பினாராம். மனுஷன் மனம் மாறிவிட்டார் என்று ஊர் உருகிப்போயிருக்கிறது.

மனம் மாறிய மனுஷன் பத்து மணிக்குத் தன் வக்கீலோடு வந்தார். வெள்ளைச் சட்டை, சந்தனப்பொட்டு. ஊரணியைச் சுற்றிப் பார்த்துவிட்டு, ஒன்றரை வருஷத்துக்கு முன்னால் சுத்தம் செய்தது இன்னும் அப்படியே இருக்கிறது பாருங்கள் என்றார். ஜேசிபி பற்றிக் கேட்டேன். எந்த ஜேசிபி என்றார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறவர்களைப் பார்த்திருக்கிறேன். இவர் ஊரையே சோறு வடிக்க வைத்து அதில் மறைக்கிறார்.

ஊர் சொன்னதையும் எழுதினேன், அவர் சொன்னதையும் எழுதினேன். யார் சொல்வது உண்மை என்று தீர்மானிப்பது என் வேலையில்லை. நான் கண்ணால் கண்டது சுத்தமான ஊரணி. அறிக்கையில் அதுதான் போகும். வெட்டிய மரம் எங்கே என்றதற்கு, கூலிக்குப் பதிலாகத் தெற்குக் குடியிருப்பு இருளாயிக்குக் கொடுத்துவிட்டோம், கரி போட்டிருப்பாள் என்றார்கள்.

தெற்கே புகை தெரிந்தது. நடந்தோம். எல்லாரும் பின்னால் வந்தார்கள்.

பொட்டலில் ஒரு ஆள் உயரத்துக்குக் கரி மூட்டம். விறகை அடுக்கி, வைக்கோல் போர்த்தி, மேலே மண் பூசித் தீ வைத்திருந்தது. இருளாயிக்கு நாற்பத்தைந்து வயது இருக்கும். வெடிப்புவிட்ட இடங்களில் ஈரமண்ணை அப்பிக்கொண்டிருந்தார். பச்சை மரத்தைக் காயவிடாமலே போட்டிருக்கிறார், கரி வியாபாரி முன்பணம் கொடுத்து அவசரப்படுத்தினானாம். மூட்டம் வெந்து அடங்க இன்னும் நாலைந்து நாள் ஆகும். நடுவில் பிரித்தால் காற்றுப் புகுந்து மொத்தமும் சாம்பலாகிவிடும்.

உள்ளே என்ன இருக்கிறது என்று கேட்டேன். கேட்டது மட்டும்தான் நான். பிரிக்கச் சொல்லவில்லை. இதைத் தேதியோடு எழுதிவைக்கிறேன்.

சேதுராசுக்குப் புரிந்துவிட்டது. ஓடிப்போய் இருளாயியிடம் கெஞ்சினார். அடிமரத்தை மேடம் பார்த்தால் போதும், கேஸ் நிலைத்துவிடும், உன் நஷ்டத்தை ஊர் கொடுக்கும் என்றார். பூமிராஜனின் வக்கீல் ஆட்சேபித்தார். கமிஷனரை அனுப்பியது ஊரணியைப் பார்க்க, கரி மூட்டத்தைப் பார்க்க அல்ல. அவர் சொன்னதில் சட்டப்படி தவறில்லை. ஆட்சேபத்தையும் எழுதிக்கொண்டேன்.

இருளாயி நேராக என்னிடம் வந்தார்.

“நான் சொல்லுறதையும் எழுதுவீகளா?”

எது சொன்னாலும் எழுதுவேன் என்றேன்.

அவர் மண்வெட்டியை எடுத்து மூட்டத்தின் பக்கவாட்டில் ஒரே வெட்டாக வெட்டினார். புகை குபுகுபுவென்று வந்தது. இரண்டு ஆட்கள் கம்பியால் நெம்பி ஐந்தாறு கட்டைகளை உருட்டி வெளியே தள்ளினார்கள். பட்டை கருகியிருந்தது. வெட்டிய முனையில் பச்சை நீர் இன்னும் கொதித்து வடிந்துகொண்டிருந்தது. பெரிய கட்டை என் இரண்டு கைக்கும் அடங்கவில்லை. பால்ராஜ் டேப் பிடித்தார், நான் படமெடுத்தேன். அதற்குள் மூட்டம் தீப்பிடித்துக்கொண்டது. மண்ணை அள்ளி எறிந்தார்கள், குடத்துத் தண்ணீரைக் கொட்டினார்கள். நிற்கவில்லை. இருளாயி குடத்தைக் கீழே வைத்துவிட்டு எரிவதைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

பிறகு நான் பேனாவை எடுத்தேன். அவர் சொன்னது இது:

“இந்த மரம் பூராம் ஊரணிக்குள்ள வெட்டுனது. போன வாரம் வெட்டுனது. மரம் வெட்ட நாங்க ஊரணிக்குள்ள எறங்கலாம். தண்ணி மோள எறங்கக் கூடாது. நாங்க தண்ணி எடுக்குறது ஓடையில, ஊத்துத் தோண்டி.”

கூட்டத்தில் இதெல்லாம் இப்போது எதற்கு என்று ஒருவர் முணுமுணுத்தார். சேதுராசு வேறு பக்கம் பார்த்தார். எழுதியதை இருளாயியிடம் நீட்டினேன். நிதானமாக வாசித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

டீயும் வடையும் வைத்திருந்தார்கள். எந்தத் தரப்பிடமும் சாப்பிடக்கூடாது என்று மறுத்துவிட்டேன். பால்ராஜ் காரில் ஏறியும் வடையைப் பற்றியே பேசிக்கொண்டு வந்தார்.

செப்டம்பர் 21, ஞாயிறு

பூசைக்குப் போய்விட்டு வந்து அறிக்கை எழுத உட்கார்ந்தேன். பதின்மூன்று பத்திகள் தடையில்லாமல் வந்தன. பதினான்காவது இருளாயியின் வாக்குமூலம்.

அதில் முதல் இரண்டு வாக்கியங்கள் வழக்குக்குத் தேவை. மற்றவை எனக்கு இட்ட பணியில் இல்லை. வெட்டிவிட்டால் யாரும் குறைசொல்ல மாட்டார்கள். ஆனால் ஊரணியின் இப்போதைய நிலை என்றுதானே கேட்டார்கள்? யார் அதில் இறங்கலாம், யார் இறங்கக்கூடாது என்பது நிலை இல்லாமல் வேறென்ன? முழுதாகப் போட்டேன். எழுதுவேன் என்று சொன்னதை எழுதியிருக்கிறேன், அவ்வளவுதான். எனக்கு இதில் ஒரு பக்கமும் இல்லை.

செப்டம்பர் 24, புதன்

அடுப்பு சரியாகிவிட்டது. பர்னரில் ஒரு கரப்பான்பூச்சி.

செப்டம்பர் 26, வெள்ளி

அறிக்கையைத் தாக்கல் செய்தேன். இரண்டு தரப்பு வக்கீல்களுக்கும் நகல் கொடுத்தாயிற்று. வாக்குமூலம் கொடுத்தவர் என்பதால் இருளாயிக்கும் ஒரு நகலைப் பதிவுத்தபாலில் அனுப்பும்படி பால்ராஜிடம் சொன்னேன். அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். “சாட்சிக்குக் காப்பி அனுப்புற வழக்கம் நம்ம ஆபீஸ்ல எப்ப மேடம் வந்துச்சு?” அனுப்ப வேண்டும் என்று விதி இல்லை. கூடாது என்றும் இல்லை.

மேலே அடுத்த வாய்தா தேதியையும் குறித்து அனுப்பச் சொன்னேன். தேதி இல்லாத கடிதம் முழுமையாக இருக்காது.

அக்டோபர் 8, புதன்

விசாரணை. பூமிராஜன் தரப்பு என் அறிக்கைக்கு எழுத்தில் ஆட்சேபம் போட்டிருக்கிறது. கமிஷனர் எல்லை மீறினாராம், மனுதாரருக்காகச் சாட்சியம் சேகரித்தாராம். படித்ததும் எனக்குக் கோபம் வந்தது. பல்லும் வலித்தது. எந்த வலி எதிலிருந்து என்று பிரிக்க முடியவில்லை.

கட்டைகளின் பருமனைப் பார்த்துக் கருத்துச் சொல்ல வனத்துறை அதிகாரியைக் கேட்டிருந்தார் நீதிபதி. அவர் எழுதியனுப்பிவிட்டார்: ஒன்றரை வருஷத்தில் கருவேலம் இந்தப் பருமன் வராது, குறைந்தது ஏழெட்டு வருஷ மரம். பூமிராஜனின் வக்கீல் அவகாசம் மட்டும் கேட்டார். அவர்கள் கதை முடிந்தது என்றே நினைத்தேன்.

வராந்தாவில் சேதுராசு எதிரே வந்தார். வணக்கம் சொல்வார் என்று பார்த்தால் என்னைக் கண்டதும் தூணுக்கு அந்தப் பக்கம் ஒதுங்கினார். ஜெயிக்கப்போகிற மனுதாரர் கமிஷனரைப் பார்த்து ஒதுங்குவது எனக்குப் புதிது. இருளாயி வரவில்லை.

அக்டோபர் 17, வெள்ளி

தீபாவளிக் கூட்டம். பேருந்து நிலையம் பக்கம் தலைகாட்ட முடியவில்லை. அடைமழை வேறு.

சேதுராசு வழக்கை வாபஸ் வாங்க மனுப் போட்டிருக்கிறாராம். பால்ராஜ்தான் விஷயத்தைக் கொண்டுவந்தார். ஊர் மக்களே மரங்களை அகற்றிவிட்டதால் வழக்கில் இனி ஒன்றும் மிச்சமில்லை என்று காரணம் எழுதியிருக்கிறதாம். அதற்குப் பூமிராஜன் தரப்பும் சம்மதமாம். மாமனும் மச்சானும்போல இரண்டு வக்கீல்களும் சேர்ந்து டீ குடித்தார்களாம்.

என் அறிக்கையை ஊர்க்கூட்டத்தில் வாசித்திருக்கிறார்கள். பதினான்காவது பத்தி வந்ததும் கூச்சல். கோர்ட் இதைப் பிடித்துக்கொண்டு எல்லாரும் இறங்கலாம் என்று உத்தரவு போட்டுவிட்டால் என்ன செய்வது? ஊரணி தூர்ந்து கிடந்தாலும் பரவாயில்லை என்று முடிவு எடுத்திருக்கிறார்கள். சேதுராசு முதலில் எதிர்த்துப் பேசினாராம். ‘வேலியில போன ஓணானை எடுத்து மடியில விட்டுட்டே’ என்று அவரைத்தான் ஏசினார்களாம். அதோடு அடங்கிவிட்டார்.

கோலம் போட்ட அதே கைகள்தான். எனக்கு அருவருப்பாக இருந்தது. கமிஷனருக்கு அருவருப்பு கூடாது என்று தெரியும்.

அக்டோபர் 18, சனி

பால்ராஜுக்கு தீபாவளி போனஸ், வேட்டி சட்டை. போகும்போது, 30ஆம் தேதி வாய்தா என்று தெற்குக் குடியிருப்புக்கு ஒரு கார்டு போட்டுவிட்டுப் போவதாகச் சொன்னார். நான் சொல்லவில்லை. வேண்டாம் என்றும் சொல்லவில்லை.

அக்டோபர் 30, வியாழன்

பல்லைப் பிடுங்கியாயிற்று, நேற்று. கன்னம் வீங்கிய நிலையிலேயே கோர்ட்டுக்குப் போனேன். அறிக்கை தொடர்பாக ஏதாவது கேட்டால் பதில் சொல்ல ஆள் வேண்டும் அல்லவா? அதற்காகத்தான்.

வழக்கு எண் கூப்பிட்டதும் சேதுராசுவின் வக்கீல் வாபஸ் என்றார். அரசு வக்கீலும் பூமிராஜனின் வக்கீலும் ஆட்சேபணை இல்லை என்றார்கள். நீதிபதி கண்ணாடிக்கு மேலாக மூவரையும் பார்த்தார். இத்தனை மாதமாகச் சண்டை போட்டவர்கள் ஒரே நாளில் சமாதானம் ஆனதற்கு என்ன காரணம் என்று கேட்டார். ஊர் அமைதி என்றார் சேதுராசுவின் வக்கீல்.

நீதிபதி அறிக்கையைப் புரட்டினார். பதினான்காவது பத்தியைச் சத்தமாக வாசித்தார், மெதுவாக. இதைச் சொன்ன அம்மா இன்று இங்கே வந்திருக்கிறாரா என்று கேட்டார்.

கடைசி வரிசையில் இருளாயி எழுந்தார். கையில் மடித்த நகல். போலீஸ்காரர் அவரை முன்னால் அழைத்து வந்தார். இதில் உள்ளது நீங்கள் சொன்னதுதானா என்று கேட்டதற்கு, ஆமாங்கய்யா என்றார். மனுதாரர் வழக்கு வேண்டாம் என்கிறார், நீங்கள் என்ன சொல்கிறீர்கள் என்றார் நீதிபதி.

இருளாயி திரும்பி சேதுராசுவைப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இல்லை. பிறகு நீதிபதியைப் பார்த்தார்.

“ஊரணிய வெட்டணுங்கய்யா. வெட்டுனா நாங்களும் எறங்கணும்.”

பொதுநல வழக்கு மனுதாரரின் சொந்தச் சொத்தல்ல, அவர் விருப்பத்துக்கு எடுத்துக்கொண்டு போக முடியாது என்று உத்தரவு சொன்னார் நீதிபதி. சேதுராசு விலகிக்கொள்ளலாம். அவர் இடத்தில் இருளாயி மனுதாரராகச் சேர்க்கப்படுகிறார். இலவச சட்ட உதவியில் அவருக்கு வக்கீல். கோடையில் தண்ணீர் வற்றியதும் ஊரணியைப் புதிதாகத் தூர்வாரும் திட்டத்தையும், எல்லாரும் தடையின்றித் தண்ணீர் எடுப்பதற்கான ஏற்பாட்டையும் கலெக்டர் அடுத்த வாய்தாவுக்குள் தெரிவிக்க வேண்டும். பழைய வேலையைப் பற்றித் தனி விசாரணை.

எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இதை எழுதுவதில் தவறில்லை.

வெளியே வந்தபோது சேதுராசு வேப்பமரத்தடியில் தனியாக நின்றிருந்தார். அவரோடு வந்தவர்கள் முன்னாலேயே போய்விட்டார்கள். அவரைக் கடந்து இருளாயி என்னிடம் வந்தார். எரிந்த மூட்டத்துக்கு ஊர் ஏதாவது கொடுத்ததா என்று கேட்டேன். தலையை ஆட்டினார், இல்லை என்று. வியாபாரியின் முன்பணம் அப்படியே கடனாக நிற்கிறதாம். மழை விட்டதும் மேற்கே ஒரு தோப்பில் மரம் வெட்டுவதற்குப் பேசி வைத்திருந்தாராம். அதுவும் அந்த ஊர்க்காரர் தோப்பு.

“இனிமே அங்கிட்டு எனக்கு வேல குடுக்க மாட்டாகளே, வக்கீலம்மா?”

மாட்டார்கள் என்றுதான் நினைக்கிறேன் என்றேன். மாத்திரையின் வேகம் அடங்கிக் கன்னத்தில் வலி ஆரம்பித்திருந்தது. கோர்ட்டில் என்னவெல்லாம் ஜெயிக்கலாம் என்று எனக்குத் தெரியும். ஊரில் திரும்பிப் போய் இறங்கும்போது அவர் பக்கத்தில் யார் நிற்பார்கள் என்று தெரியாது.

இருளாயி நகலைச் சேலை மடிப்பில் செருகிக்கொண்டார். கொஞ்ச நேரம் வேப்பமரத்துப் பக்கம் பார்த்தார். பிறகு என்னிடம் திரும்பி, அடுத்து எப்போது வர வேண்டும் என்று கேட்டார்.

தேதியைச் சொன்னேன்.